சில்லைச் சுற்றி வளர்ந்த தொழில்: பாலக்காட்டுக் கணவாயும் இந்தியக் குறைகடத்தி வரலாறும்

இந்தியாவின் குறைகடத்தித் தொழில் 1960களின் தொடக்கத்தில் பெங்களூரில் பிறந்தது. அடுத்த கால் நூற்றாண்டில் டெல்லி, மொகாலி, மேட்டூர், மறைமலைநகர் என்று அது கிளைவிட்டது. கேரளத்தின் கிழக்கு வாசலான பாலக்காட்டுக் கணவாயில் இருக்கும் கஞ்சிக்கோடு, 1970களின் நடுவில் இந்தத் தொழிலோடு வேறொரு வகையில் இணைந்தது. அங்கே சில்லு உருவாகவில்லை. சில்லு வைத்து இயங்கும் தொலைபேசி எக்ஸ்சேஞ்சுகள் உருவாயின. கணவாய்க்குத் தெற்கே ஆனைமலை. அந்த மலைத்தொடரின் மறுசரிவில், வடக்கே உடுமலைப்பேட்டையைப் பார்த்தபடி மறையூர். இந்த எல்லையோர நிலப்பகுதியிலிருந்து பார்க்கும்போது இந்தியக் குறைகடத்தி வரலாற்றின் ஒரு பொதுத்தன்மை தெளிவாகப் புலப்படுகிறது. சில்லுக்கு முன்னும் பின்னும் வரும் வேலைகள் எல்லாவற்றையும் நாடு கற்றுக்கொண்டது. நடுவில் இருக்கும் வேலை மட்டும் மீண்டும் மீண்டும் கை நழுவியது.

சிலிக்கான், ஜெர்மானியம் போன்ற பொருள்கள் செம்பைப் போல மின்சாரத்தைத் தாராளமாகக் கடத்துவதும் இல்லை, பீங்கானைப் போல முற்றாகத் தடுப்பதும் இல்லை. மிகச் சிறு அளவில் வேற்றுத் தனிமங்களைக் கலந்தால் அவற்றின் கடத்தும் இயல்பை விரும்பியபடி மாற்றலாம். இந்தப் பண்பைக் கொண்டு 1947 டிசம்பரில் அமெரிக்காவின் பெல் ஆய்வகத்தில் டிரான்சிஸ்டர் செய்யப்பட்டது. 1958-59 ஆம் ஆண்டுகளில் டெக்சாஸ் இன்ஸ்ட்ருமென்ட்ஸைச் சேர்ந்த ஜாக் கில்பியும் ஃபேர்சைல்டைச் சேர்ந்த ராபர்ட் நாய்ஸும் தனித்தனியே, பல உறுப்புகளை ஒரே துண்டில் அமைக்கும் வழியைக் கண்டார்கள். அதுவே ஒருங்கிணைந்த சுற்று. இன்றைய பேச்சில் சில்லு.

ஒரு சில்லு பிறக்க நான்கு கட்டங்கள் வேண்டும். முதலில் மிகத் தூய்மையான சிலிக்கானை வளர்த்து, மெல்லிய வட்டத் தகடுகளாக அறுக்க வேண்டும். இந்தத் தகட்டுக்கு வேஃபர் என்று பெயர். இரண்டாவது, சுற்றின் வடிவமைப்பு. மூன்றாவது, அந்த வடிவத்தை ஒளியாலும் வேதிப்பொருளாலும் வேஃபரின் மேல் அடுக்கடுக்காகப் பதிக்கும் வேலை. இது நடக்கும் ஆலைதான் ஃபேப். கடைசியாக, வேஃபரைத் துண்டாக்கி, கம்பி இணைத்து, உறையிட்டுச் சோதிக்கும் பேக்கேஜிங். மறையூரிலும் பக்கத்துக் காந்தளூரிலும் கரும்பு வெட்டிய வயலோரத்திலேயே கொட்டகை போட்டு, சாறு பிழிந்து, காய்ச்சி, கையால் உருட்டி வெல்லமாக்கிவிடுவார்கள். 2019 இல் புவிசார் குறியீடு பெற்ற மறையூர் வெல்லம் நிலத்திலிருந்து உருண்டை வரை ஓரிடத்தில் முடிந்துவிடும் சரக்கு. சில்லு அப்படிப்பட்டதன்று. அதன் நான்கு கட்டங்களும் நான்கு நாடுகளில் நடப்பது வழக்கம். எந்தக் கட்டம் எந்த நாட்டின் கையில் இருக்கிறதோ, அதைப் பொறுத்தே அந்த நாட்டுக்கு இந்தத் தொழிலில் கிடைக்கும் வருவாயும் பேரம் பேசும் வலுவும் அமைகின்றன.

பாரத் எலெக்ட்ரானிக்ஸ் நிறுவனம் 1954 இல் பெங்களூரின் ஜாலஹள்ளியில் பாதுகாப்புத் துறையின் கீழ் அமைக்கப்பட்டது. 1962 இல் அங்கே ஜெர்மானியம் குறைகடத்திகளின் உற்பத்தி தொடங்கியது. 1967 முதல் சிலிக்கான் கருவிகளும் ஒருங்கிணைந்த சுற்றுகளும் வந்தன. டெல்லியில் 1964 இல் தொடங்கிய கான்டினென்டல் டிவைஸ் இந்தியா என்ற தனியார் நிறுவனம் டையோடுகளையும் டிரான்சிஸ்டர்களையும் செய்தது. அன்றைய உலக அளவுகோலில் இந்தியா அதிகம் பின்தங்கி இருக்கவில்லை என்பதை இன்று நினைவில் கொள்ள வேண்டும். தைவானில் அப்போது உள்நாட்டுத் தொழில்நுட்பம் என்று சொல்லத்தக்க குறைகடத்தித் தொழிலே கிடையாது.

1962 ஆம் ஆண்டின் சீனப் போர் இந்தியப் படையின் தகவல் தொடர்புக் கருவிகள் எவ்வளவு பழையவை என்பதை வெளிப்படுத்தியது. அடுத்த ஆண்டே ஹோமி பாபாவின் தலைமையில் மின்னணுவியல் குழு அமைந்தது. அதன் அறிக்கை 1966 இல் வெளிவந்தது. அந்த ஆண்டு ஜனவரியிலேயே பாபா விமான விபத்தில் இறந்திருந்தார். பத்தாண்டுகளுக்குள் மின்னணுத் தொழிலில் தற்சார்பு என்பது அறிக்கையின் இலக்கு. 1970 இல் மின்னணுவியல் துறையும், 1971 இல் எம்.ஜி.கே. மேனன் தலைமையில் மின்னணுவியல் ஆணையமும் வந்தன. பெரிய வேலைகள் பொதுத்துறைக்கும், வானொலிப் பெட்டி போன்ற நுகர்வுப் பொருள்கள் பெரும்பாலும் சிறு தொழில்களுக்கும் ஒதுக்கப்பட்டன. ஒவ்வொரு ஆலையும் எவ்வளவு செய்யலாம் என்பதை உரிமம் தீர்மானித்தது. தற்சார்பு நோக்கம் நேர்மையானது. ஆனால் சில்லுத் தொழிலில் அளவுதான் விலையைத் தீர்மானிக்கிறது. ஓர் ஆலை கட்டும் செலவு ஏறத்தாழ நிலையானது. பத்தாயிரம் சில்லு செய்தாலும் பத்து லட்சம் செய்தாலும் அந்தச் செலவு பெரிதாக மாறாது. சிறு சிறு உரிமங்களாகப் பிரித்துக் கொடுத்த கொள்கை, தொடக்கத்திலேயே இந்தியப் பொருளை விலையில் தோற்கடித்தது.

கேரளம் இந்தத் துறைக்குள் நுழைந்த விதம் தனித்து நிற்பது. கேரளத்தில் நிலக்கரி இல்லை, இரும்புச் சுரங்கம் இல்லை, பெரிய ஆலைக்கு வேண்டிய பரந்த தரிசு நிலமும் இல்லை. இருந்தவை பள்ளிப் படிப்பை முடித்த இளைஞர்களும், அவர்களுக்கு வேலையில்லாத நிலையும். சிறு இடத்தில், குறைந்த மூலப்பொருளோடு, விரல் நுணுக்கத்தால் மதிப்பைக் கூட்டும் மின்னணுத் தொழில் இந்த நிலைமைக்குப் பொருந்தியது. சி. அச்சுத மேனன் முதலமைச்சராக இருந்த காலத்தில், 1973 இல், கேரள மாநில மின்னணு வளர்ச்சிக் கழகமான கெல்ட்ரான் தொடங்கியது. ஒரு மாநில அரசு மின்னணுவியலுக்கென்று தனி நிறுவனம் அமைத்தது நாட்டிலேயே அதுதான் முதல் முறை. பிற மாநிலங்கள் பிறகு இந்த முன்மாதிரியைப் பின்பற்றின.

கெல்ட்ரானை உருவாக்கியவர் கண்ணூர் மாவட்டத்துக் கல்லியாசேரியைச் சேர்ந்த பொறியாளர் கே.பி.பி. நம்பியார். தலைநகரில் ஒரு பெரிய ஆலை கட்டுவதை அவர் நாடவில்லை. வேலையைப் பல ஊர்களுக்குப் பரப்பினார். திருவனந்தபுரம் அருகே கரகுளத்தில் கருவிகளுக்கான ஆலை, கண்ணூரின் மாங்காட்டுப்பறம்பில் உதிரி உறுப்புகளுக்கான வளாகம் என்று அமைந்தன. மின்தேக்கி, மின்தடை, படிகம், காந்த உறுப்பு, ரெக்டிஃபயர், மின்திறன் கருவி ஒவ்வொன்றுக்கும் கிளை நிறுவனங்கள் எழுந்தன. மாங்காட்டுப்பறம்பின் மின்தேக்கி ஆலையில் பெண் தொழிலாளர்களே பெரும்பான்மை. 1982 ஆசிய விளையாட்டுப் போட்டிகளை ஒட்டி நாட்டில் வண்ண ஒளிபரப்பு வந்தபின் கெல்ட்ரான் தொலைக்காட்சிப் பெட்டி கேரள வீடுகளில் பழக்கப்பட்ட பெயராயிற்று.

ஒரு தொலைக்காட்சிப் பெட்டியைப் பிரித்துப் பார்த்தால் அன்றைய கேரளத் தொழிலின் எல்லை விளங்கும். உள்ளே இருக்கும் மின்தேக்கியும் மின்தடையும் கண்ணூரில் செய்யக்கூடியவை. பெட்டியைக் கோக்கும் வேலையும், சோதனையும், விற்பனையும், பழுது நீக்கமும் மாநிலத்துக்குள்ளேயே நடப்பவை. ஒருங்கிணைந்த சுற்றுகள் பெரும்பாலும் இறக்குமதி. உறுப்புகளின் எண்ணிக்கையில் அவை சில மட்டுமே. ஆனால் புது மாதிரி வரும்போது மாறுவது அவைதான். பழைய சில்லு கிடைக்காமல் போனால் நிற்பது முழு உற்பத்தி வரிசை. ஆண்டுக்கு ஆண்டு சில்லின் திறன் பெருகி, சுற்றியிருந்த உறுப்புகள் பலவற்றை அது தனக்குள்ளேயே விழுங்கிக்கொண்டபோது, கெல்ட்ரானின் பலமாக இருந்த உதிரி உறுப்புத் தொழிலின் பங்கு சுருங்கியது. இந்த ஆபத்து 1973 இல் தெரிந்திருக்கக்கூடியது அல்ல. 1985 இல் தெரிந்தபோது மாநில அரசின் பணப்பை அதைச் சந்திக்கப் போதவில்லை.

1976 ஆம் ஆண்டை இந்த வரலாற்றில் தனியாகக் கவனிக்க வேண்டும். அந்த ஆண்டு பிப்ரவரியில், ஆலைகளுக்கு வேண்டிய மின்சாரம் தரும் இடுக்கி நீர்மின் திட்டம் திறக்கப்பட்டது. 1940 இல் மூணாறை அடுத்த பள்ளிவாசலில் தொடங்கிய கேரள நீர்மின் வரலாற்றின் மிகப் பெரிய கட்டம் அது. முழுமையடைந்தபோது மூலமற்றம் நிலத்தடி மின்நிலையத்தின் திறன் 780 மெகாவாட். அதே ஆண்டில் இந்தியத் தொலைபேசித் தொழிற்சாலையான ஐ.டி.ஐ. தன் பாலக்காட்டுப் பிரிவைக் கஞ்சிக்கோட்டில் அமைத்தது. அதே ஆண்டில் நடுவண் அமைச்சரவை செமிகண்டக்டர் காம்ப்ளெக்ஸ் என்ற பொதுத்துறை ஃபேப்புக்கு இசைவு தந்தது. தைவானின் அரசு ஆய்வு நிறுவனமான ஐ.டி.ஆர்.ஐ., அமெரிக்காவின் ஆர்.சி.ஏ. நிறுவனத்திடமிருந்து 7 மைக்ரான் தொழில்நுட்பத்தை வாங்க ஒப்பந்தம் செய்ததும் 1976 இல்தான். இந்தியாவும் தைவானும் ஏறக்குறைய ஒரே கோட்டிலிருந்து புறப்பட்டவை.

ஐ.டி.ஐ. 1948 இல் பெங்களூரில் தொடங்கிய நிறுவனம். அதன் பழைய ஆலைகள் நகரும் இரும்பு உறுப்புகளைக் கொண்ட எக்ஸ்சேஞ்சுகளைச் செய்தன. பாலக்காட்டுப் பிரிவு மின்னணு எக்ஸ்சேஞ்சுகளுக்கென்றே எழுந்தது. இடத்தேர்வில் புவியியலுக்குப் பங்கு உண்டு. மேற்குத் தொடர்ச்சி மலை ஏறக்குறைய முப்பது கிலோமீட்டருக்கு வழிவிடும் கணவாயில், வாளையாறு சோதனைச் சாவடிக்குச் சற்று மேற்கே கஞ்சிக்கோடு இருக்கிறது. கோயம்புத்தூரின் வார்ப்படப் பட்டறைகளும் இயந்திரக் கடைகளும் அண்மையில். ரயில் பாதை, நெடுஞ்சாலை இரண்டும் பக்கத்தில். இன்ஸ்ட்ருமென்டேஷன் நிறுவனமும் ஏற்கனவே அங்கே வந்திருந்தது. கொச்சிக்கு அடுத்தபடியாகக் கேரளத்தின் பெரிய தொழில் மையமாகக் கஞ்சிக்கோடு வளர்ந்தது.

1982 இல் பிரான்சின் ஆல்கடெல் நிறுவனத்தோடு ஏற்பட்ட உடன்பாட்டின்படி ஈ-10-பி வகை டிஜிட்டல் எக்ஸ்சேஞ்சுகள் இந்தியாவுக்கு வந்தன. நகரங்களை ஒன்றோடொன்று இணைக்கும் டிரங்க் எக்ஸ்சேஞ்சுகள் பாலக்காட்டில் தயாராயின. 1984 ஆகஸ்டில் உருவான சி-டாட் ஆய்வு மையம், இந்தியக் கிராமத்துக்கு ஏற்ற சிறிய எக்ஸ்சேஞ்சை வடிவமைத்தது. குளிர்சாதன அறை இல்லாமல், தூசியையும் வெப்பத்தையும் மின்வெட்டையும் தாங்கி ஓடுவது அதன் சிறப்பு. 1986 இல் கர்நாடகத்தின் கித்தூரில் முதலாவது எக்ஸ்சேஞ்சு பணியைத் தொடங்கியது. மலைச்சரிவில் ஒரு சிறு அறையும் பேட்டரியும் இருந்தால் போதும் என்ற நிலை வந்தபோதுதான், டிரங்க் கால் பதிவு செய்துவிட்டு மணிக்கணக்கில் காத்திருந்த ஊர்களுக்கு நேரடித் தொலைபேசி சாத்தியமாயிற்று. ஏலம், சந்தனம், வெல்லம் என்று வெளியூர் விலையை நம்பி வாழும் மலையோரச் சந்தைகளுக்கு இது சிறிய மாற்றம் அல்ல. அன்றைய விலையை அன்றே கேட்டுத் தெரிந்துகொள்ளும் விவசாயியும், நேற்றைய விலையை இடைத்தரகர் சொல்லக் கேட்கும் விவசாயியும் ஒரே பேரத்துக்கு உட்காருவதில்லை. குறைகடத்தி ஒரு நாட்டின் பொருளாதாரத்தில் செய்யும் வேலையை ஆலைகளின் வருவாயில் மட்டும் தேடினால் கிடைக்காது. இப்படிப்பட்ட இடங்களிலும் தேட வேண்டும்.

அந்த எக்ஸ்சேஞ்சின் வடிவமைப்பு இந்தியருடையது. பலகை அச்சிட்டுக் கோத்ததும் இந்தியத் தொழிலாளர்கள்தாம். முதன்மைச் சில்லுகள் வெளிநாட்டிலிருந்து வந்தவை. இந்த இடைவெளியை நிரப்பத்தான் மொகாலி ஆலை கட்டப்பட்டது.

பஞ்சாபின் மொகாலியில் செமிகண்டக்டர் காம்ப்ளெக்ஸ் 1984 வாக்கில் உற்பத்தியைத் தொடங்கியது. அமெரிக்கன் மைக்ரோசிஸ்டம்ஸ் நிறுவனத்திடமிருந்து பெற்ற 5 மைக்ரான் தொழில்நுட்பம் அதன் தொடக்கம். மைக்ரான் என்பது மில்லிமீட்டரில் ஆயிரத்தில் ஒரு பங்கு. சில்லில் வரையப்படும் கோட்டின் நுண்மையை அது குறிக்கிறது. எண் குறையக் குறைய அதே இடத்தில் கூடுதல் டிரான்சிஸ்டர்கள் அடங்கும். மொகாலிப் பொறியாளர்கள் தம் முயற்சியால் 5 இலிருந்து 0.8 மைக்ரான் வரை இறங்கினார்கள். கடிகாரத்துக்கும் தொலைபேசிக்கும் அங்கிருந்து சில்லுகள் போயின. உலகத் தரத்துக்கு ஓரிரு தலைமுறை மட்டுமே பின்தங்கிய நிலை அது. இந்தியாவில் அறிவும் திறனும் இல்லாததால்தான் சில்லு வரவில்லை என்று சொல்பவர்களுக்கு மொகாலியின் இந்த ஐந்தாண்டுகளே மறுமொழி.

1989 பிப்ரவரி 7 அன்று அந்த ஆலை தீப்பற்றி எரிந்தது. தூய்மை அறைகளும் கருவிகளும் அழிந்தன. மீண்டும் உற்பத்தி தொடங்க 1997 ஆயிற்று. சாதாரண ஆலைக்கு எட்டு ஆண்டு இடைவெளி பெரும் இழப்பு. சில்லு ஆலைக்கோ அது ஏறத்தாழ ஆயுள் முழுவதற்கும் சமம். 1997 இல் உலகின் முன்னணி ஆலைகள் 0.35, 0.25 மைக்ரானில் ஓடிக்கொண்டிருந்தன. தைவானில் 1980 இல் யு.எம்.சி.யும் 1987 இல் டி.எஸ்.எம்.சி.யும் பிறந்து, பிறர் வடிவமைத்ததை அச்சுப் பிசகாமல் செய்துகொடுக்கும் தனித் தொழிலை வளர்த்துவிட்டன. தீ இல்லாதிருந்தாலும் மொகாலி டி.எஸ்.எம்.சி. ஆகியிருக்கும் என்று சொல்லிவிட முடியாது. தைவான் ஆலைகள் உலகச் சந்தைக்கு விற்றன. மொகாலியின் வாடிக்கையாளர் பெரும்பாலும் அரசுத் துறைகள்; ஆலை பெரிதாக வளர வேண்டிய கட்டாயத்தை அந்தச் சந்தை தரவில்லை. தீ சரிவின் வேகத்தைக் கூட்டியது; திசை முன்பே தவறியிருந்தது.

தமிழ்நாட்டில் இதே காலத்தில் நடந்த இரு முயற்சிகள் உரிய கவனம் பெறாதவை. பெங்களூர் இந்திய அறிவியல் கழகத்தில் பேராசிரியர் ஏ.ஆர். வாசுதேவ மூர்த்தியின் குழு, தூய சிலிக்கான் செய்யும் முறையை உருவாக்கியிருந்தது. அதைக் கொண்டு மேட்டூரில் மெட்கெம் சிலிக்கான் என்ற ஆலை 1980களில் எழுந்தது. சங்கிலியின் முதல் கண்ணி உள்நாட்டு அறிவியலால் மேட்டூரில் கிடைத்தது. அதே காலத்தில் அமெரிக்கத் தொழில்நுட்பத்தை வாங்கி அரசே பெரிய சிலிக்கான் ஆலை கட்டலாமா என்ற விவாதம் எழுந்து, விஞ்ஞானிகளின் எதிர்ப்பால் அந்தத் திட்டம் கைவிடப்பட்டது. உள்நாட்டு முறையைப் பெரிய அளவுக்கு வளர்க்கும் முதலீடும் அதன்பின் வரவில்லை. சங்கிலியின் கடைசிக் கண்ணி மறைமலைநகரில் அமைந்தது. 1984 இல் ஸ்பிக் குழுமம் தொடங்கிய நிறுவனம், பிறகு ஸ்பெல் செமிகண்டக்டர் என்று பெயர் பெற்று, சில்லுகளுக்கு உறையிட்டுச் சோதிக்கும் வேலையை எடுத்துக்கொண்டது. நீண்ட காலம் இந்தியாவில் அந்த வேலையைச் செய்த ஒரே நிறுவனமாக அது நின்றது. தமிழர் பலர் வாழும் மலேசியாவின் பினாங்கில் இன்டெல் தன் முதல் வெளிநாட்டு ஆலையை 1972 இல் திறந்தது. அதைச் சுற்றி அரை நூற்றாண்டில் உலகச் சில்லு பேக்கேஜிங்கின் தலைநகர்களில் ஒன்று உருவாயிற்று. மறைமலைநகரைச் சுற்றி அப்படி ஒரு கூட்டம் சேரவில்லை. பினாங்குக்குத் தீர்வையற்ற வணிக வலயமும், விமானத்தில் விரைவாகச் சரக்கு வந்து போகும் ஏற்பாடும் கிடைத்தன. இந்தியச் சுங்கத்தில் ஒரு பெட்டி சில்லு வாரக்கணக்கில் கிடக்கக்கூடிய காலம் அது.

1991 இன் பொருளாதாரத் திறப்பும், 1997 இல் இந்தியா ஏற்ற தகவல் தொழில்நுட்ப ஒப்பந்தமும் பழைய அமைப்பின் கதையை முடித்தன. அந்த ஒப்பந்தப்படி கணினி, தொலைத்தொடர்புக் கருவி, சில்லு ஆகியவற்றின் இறக்குமதித் தீர்வை 2005க்குள் சுழியமாக வேண்டும். உள்ளே உறுப்பு செய்பவர்களுக்கு மின்சாரம், கடன், போக்குவரத்து எல்லாம் விலை கூடியவை. வெளியிலிருந்து வரும் முடிந்த பொருளுக்குத் தீர்வை இல்லை. கெல்ட்ரானின் தொலைக்காட்சிப் பெட்டி சந்தையிலிருந்து மறைந்தது. கிளை நிறுவனங்கள் சில மூடப்பட்டன. செல்பேசி பரவியபோது ஐ.டி.ஐ.யின் எக்ஸ்சேஞ்சுகளுக்கு ஆர்டர் வற்றியது. கஞ்சிக்கோட்டு ஆலை சிம் அட்டை போன்ற வேலைகளுக்கு மாறித் தன்னைத் தக்கவைத்தது. அட்டையின் உள்ளே இருந்த சில்லு அப்போதும் வெளிநாட்டுச் சரக்கு.

வடிவமைப்பு மட்டும் எதிர்த்திசையில் வளர்ந்தது. 1985 இல் டெக்சாஸ் இன்ஸ்ட்ருமென்ட்ஸ் பெங்களூரில் தன் வடிவமைப்பு மையத்தைத் தொடங்கியது. அதன்பின் உலகின் பெரிய சில்லு நிறுவனங்கள் வரிசையாக வந்தன. உலகின் சில்லு வடிவமைப்புப் பொறியாளர்களில் ஐந்தில் ஒருவர் இந்தியாவில் இருக்கிறார் என்று அரசு தொடர்ந்து சொல்லி வருகிறது. கேரளத்தில் நம்பியார் முன்வைத்த யோசனையிலிருந்து 1990 இல் திருவனந்தபுரத்தில் டெக்னோபார்க் பிறந்தது. நாட்டின் முதல் தொழில்நுட்பப் பூங்கா அது. இந்தக் கட்டத்தின் பொருளாதாரக் கணக்கு கலவையானது. ஊதியம் உயர்ந்தது, திறன் சேர்ந்தது. வடிவமைப்பின் உரிமை மட்டும் பெரும்பாலும் தாய் நிறுவனத்தின் பெயரிலேயே பதிவானது.

உரிமையும் உற்பத்தியும் இந்தியாவிலேயே தங்கிய ஓர் எடுத்துக்காட்டு உண்டு. அதன் வேர் கேரளத்தில் இருக்கிறது. 1963 நவம்பரில் தும்பாவிலிருந்து முதல் ஆய்வு ராக்கெட் ஏறியது. அங்கே வளர்ந்த விக்ரம் சாராபாய் விண்வெளி மையம், ஏவுகலங்களை வழிநடத்தும் கணினிக்கான 16 பிட் செயலியை வடிவமைத்தது. விக்ரம் 1601 என்ற அந்தச் செயலி 2009 முதல் இஸ்ரோவின் ஏவுகலங்களில் பறக்கிறது. அதைச் செய்து தருவது அதே மொகாலி ஆலை. 2006 இல் அது விண்வெளித் துறையின் கீழ் வந்து, செமிகண்டக்டர் ஆய்வகம் என்று பெயர் மாறி, பின்னர் 180 நேனோமீட்டர் வரிசையைப் பெற்றது. அடுத்த தலைமுறையான 32 பிட் விக்ரம் 3201, 2025 செப்டம்பரில் டெல்லியில் நடந்த செமிகான் இந்தியா மாநாட்டில் பிரதமரிடம் அளிக்கப்பட்டது. செல்பேசிக்கு 180 நேனோமீட்டர் பழைய சரக்கு. ராக்கெட்டுக்கு அப்படி இல்லை. கதிர்வீச்சையும் கடும் வெப்பக் குளிர் மாற்றத்தையும் தாங்கும் உறுதியும், எந்த நாடும் ஏற்றுமதித் தடை போட்டு நிறுத்த முடியாத நிலையும் அங்கே நுண்மையைவிட மதிப்புள்ளவை. திருவனந்தபுரத்து சி-டாக் மையம் வேகா என்ற செயலிக் குடும்பத்தையும், சென்னை ஐ.ஐ.டி. சக்தி என்ற செயலியையும் திறந்த ரிஸ்க்-ஃபைவ் கட்டமைப்பில் உருவாக்கியிருக்கின்றன.

2021 இல் உலகெங்கும் ஏற்பட்ட சில்லுத் தட்டுப்பாடு, கொள்கை வகுப்பவர்களுக்கு முப்பது ஆண்டு வாதங்கள் உணர்த்தாததை உணர்த்தியது. அந்த ஆண்டு செப்டம்பரில் மாருதி சுசுகி தன் ஆலைகளில் வழக்கமான அளவில் ஏறத்தாழ 40 விழுக்காடே உற்பத்தி நடக்கும் என்று அறிவித்தது. காரின் எஃகு, டயர், கண்ணாடி எல்லாம் உள்நாட்டில் குவிந்திருந்தும், கையளவு சில்லுகள் இல்லாமல் வரிசை நின்றது. டிசம்பரில் நடுவண் அரசு ரூ.76,000 கோடி ஒதுக்கீட்டில் இந்தியக் குறைகடத்தித் திட்டத்தை அறிவித்தது. ஆலைச் செலவின் பாதி வரை அரசே ஏற்கும் திட்டம் இது. 2023 இல் மைக்ரான் நிறுவனத்தின் பேக்கேஜிங் ஆலை குஜராத்தின் சானந்துக்கு உறுதியானது. 2024 பிப்ரவரியில் டாட்டாவும் தைவானின் பி.எஸ்.எம்.சி.யும் சேர்ந்து தோலேராவில் ரூ.91,000 கோடியில் ஃபேப் கட்ட இசைவு கிடைத்தது. மாதம் 50,000 வேஃபர் அதன் திட்ட அளவு. அசாமின் ஜாகிரோட்டில் ரூ.27,000 கோடியில் டாட்டாவின் பேக்கேஜிங் ஆலை வருகிறது. 1976 இன் இசைவில் இருந்த அதே நோக்கம்தான். இம்முறை வாங்குவோர் கூட்டம் உள்நாட்டிலேயே இருக்கிறது: அரசுக் கணக்குப்படி இந்திய மின்னணு உற்பத்தி 2014-15 இல் ரூ.1.9 லட்சம் கோடி. 2024-25 இல் ரூ.11.3 லட்சம் கோடி. அந்த நாளைய மொகாலிக்குக் கிடைக்காத சந்தை இதுதான்.

கேரளமும் தமிழ்நாட்டின் மேற்குப் பகுதியும் இந்தப் புதிய அலையில் பெரிய ஃபேப்பைப் பெறவில்லை. தமிழ்நாடு 2024 ஜனவரியில் குறைகடத்திக் கொள்கையை வெளியிட்டது. 2025-26 வரவு செலவுத் திட்டத்தில் ரூ.500 கோடியில் தமிழ்நாடு குறைகடத்தி இயக்கம் 2030 அறிவிக்கப்பட்டது. சூலூரிலும் பல்லடத்திலும் தலா 100 ஏக்கரில், குறைகடத்தி இயந்திரங்களுக்கான பூங்காக்கள் அதன் பகுதி. மறையூரிலிருந்து சின்னாறு வழியாக இறங்கும் சாலை உடுமலைப்பேட்டையில் சமவெளியைத் தொடுகிறது. அங்கிருந்து வடக்கே பல்லடம். சில்லு செய்யும் ஆலைக்கு வேண்டிய வெற்றிட அறை, குழாய், வால்வு, துல்லிய வார்ப்படம் போன்றவற்றைச் செய்வதே இந்தப் பூங்காக்களின் நோக்கம். பம்பும் நூற்பு இயந்திரமும் நூறு ஆண்டு நெருங்கச் செய்து பழகிய கோயம்புத்தூர் வட்டாரத்துக்கு இது பொருத்தமான இடம். ஃபேப் எந்த மாநிலத்தில் எழுந்தாலும் அதற்கு இந்த உறுப்புகள் தேவைப்படும்.

கேரளப் பக்கத்தில் 2024 ஆகஸ்டில், கொச்சி-பெங்களூர் தொழில் வழித்தடத்தின் பகுதியாகப் பாலக்காட்டில் 1,710 ஏக்கரில் ரூ.3,806 கோடிச் செலவில் தொழில் நகரம் அமைக்க நடுவண் அமைச்சரவை ஒப்புதல் அளித்தது. அதன் பெரும்பகுதி கஞ்சிக்கோட்டை ஒட்டிய புதுச்சேரி ஊராட்சிப் பகுதியில் வருகிறது. 2015 இல் தொடங்கிய பாலக்காடு ஐ.ஐ.டி.யும் அங்கேயே இருக்கிறது. கண்ணூரின் கெல்ட்ரான் உறுப்பு வளாகத்தில் 2024 அக்டோபரில் இஸ்ரோவின் தொழில்நுட்பத்தோடு நாட்டின் முதல் சூப்பர் கெப்பாசிட்டர் ஆலை திறக்கப்பட்டது. ஐம்பது ஆண்டு மின்தேக்கி செய்த கைகளுக்கு அடுத்த தலைமுறைப் பொருள் கிடைத்திருக்கிறது. கஞ்சிக்கோட்டின் ஐ.டி.ஐ. ஆலையில் இப்போது ஸ்மாஷ் என்ற பெயரில் கணினிகள் தயாராகின்றன. அவற்றின் செயலி இன்னமும் இறக்குமதிதான்.